தெக்ளா அழுகாமல் கிடந்த நாற்பது நாட்கள்

தெக்ளா செத்த மூன்றாம் நாள் மத்தியானம், அவள் உடம்பிலிருந்து வர வேண்டிய நாற்றம், அவளை எங்கே புதைப்பது என்று வாதாடிக்கொண்டிருந்தவர்களின் வாயிலிருந்து வரத் தொடங்கியது. எங்கள் சிப்பிக்குடியில் இதற்காக யாரும் மயங்கி விழவில்லை. கடற்கரை ஊர், கருவாடு, மீன்தூள் கம்பெனி, அடைத்துக்கொண்ட ஓடை என்று நாற்றத்தோடு பிறந்து நாற்றத்தோடு வளர்ந்தவர்கள் நாங்கள். ஆனால் நான் பலவேசம், இருபத்திரண்டு வருஷமாகப் பிணம் வைக்கிற குளிர்பெட்டியை வாடகைக்கு விடுகிறவன், எந்த நாற்றம் எங்கிருந்து வருகிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடுவேன். அதனால்தான் இதைச் சொல்ல வேண்டிய வேலை என் தலையில் விழுந்தது.

சிப்பிக்குடியில் கடைத்தெருவுக்குக் கிழக்கே மாதா கோயிலைச் சுற்றிக் கிறிஸ்தவர்கள், மேற்கே பள்ளிவாசலைச் சுற்றி முஸ்லிம்கள், நடுவில் என்னைப் போல நாலு இந்துக் கடைக்காரர்கள். தெக்ளா கிழக்கே பிறந்தவள். இருபத்துநாலு வருஷத்துக்கு முன் மேற்கே படகு எஞ்சின் பழுது பார்க்கிற அசன்கனியைக் கட்டிக்கொண்டு போனாள். நிக்காஹ்வில் அவளுக்குத் தாஹிரா என்று பெயர் வைத்தார்கள்; கோயில் குடும்பப் பதிவேட்டில் அவள் பெயரைச் சிவப்பு மையால் அடித்தார்கள்; அவளோ தெக்ளா என்று கூப்பிட்டாலும் திரும்பிப் பார்த்தாள், தாஹிரா என்று கூப்பிட்டாலும் திரும்பிப் பார்த்தாள். வீட்டில் தொழுவாள், மாதா திருவிழாவுக்குக் கோயிலின் கடைசி வாசலில் போய் நின்றுவிட்டு வருவாள். அரசு ஆஸ்பத்திரியில் பிரசவ வார்டு ஆயா வேலை பார்த்ததால், இரண்டு தெருவிலும் இருபது வயதுக்குக் கீழே இருக்கிற எந்தப் பிள்ளையும் முதலில் வழுக்கி வந்து விழுந்தது அவள் கையில்தான். அப்படிப்பட்டவளுக்குத்தான் இந்த ஊர் ஆறடி மண் கொடுக்கவில்லை.

நடந்த தப்பு ரொம்பச் சின்னது. ஒரு புதன்கிழமை காலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவள் எழுந்திருக்கவில்லை. அவள் மகள் ராஹிலா (தாய் ராகேல் என்று வைக்கச் சொன்னதை, தகப்பன் ராஹிலா என்று வைத்த ஒரே பிள்ளை, பி.எட். படித்துக்கொண்டிருந்தாள்) ஓடிப்போய்ப் பள்ளிவாசலில் சொன்னாள். மைக்கில் அறிவித்தார்கள். அசன்கனிக்கோ, தன் பெண்சாதிக்குக் கோயில் மணி என்றால் உயிர் என்கிற நினைப்பு. அவன் கோயில் மணியடிக்கிறவரிடம் போய்க் கெஞ்சி, துக்க மணி அடிக்கவைத்தான். மைக்கும் மணியும் ஒரே நேரத்தில் ஒலித்தன. மணி கேட்ட மேற்குத் தெரு, சரி, அவர்கள் எடுத்துக்கொண்டார்கள் என்று மண்வெட்டியைச் சுவரில் சாய்த்தது. மைக் கேட்ட கிழக்குத் தெரு, சரி, அவர்கள் எடுத்துக்கொண்டார்கள் என்று கல்லறைத் தோட்டத்துக் கதவைப் பூட்டியது. உலகத்தில் வேறெங்கும் ஒரு சாவுக்கு இரண்டு அறிவிப்பு வந்தால் இரண்டு குழி தயாராகும், எங்கள் ஊரில் ஒரு குழியும் இல்லை.

சாயங்காலம் அசன்கனி கிழக்கே போனான். ஐஸ் கம்பெனி கஸ்பார்தான் கோயில் ஊர்க் கமிட்டித் தலைவர்.

"தலைவரே, குழிக்குச் சொல்லியாச்சா?"

"உங்க பள்ளிவாசல்ல மைக்குல சொல்லிட்டாவள்லா? பெறகு எங்கிட்ட எதுக்குக் கேக்க?"

மேற்கே போனான். ஜவுளிக்கடை உதுமான்தான் ஜமாஅத் செயலாளர். அவர் கல்லாவில் இருந்து எழுந்திருக்கவில்லை.

"மணி அடிச்ச மையத்து ஒடம்ப நாங்க எப்படி அடக்கம் செய்ய? ஊருல கேக்க மாட்டாவளா? அவிய மணி, அவிய மண்ணு."

யாராவது ஒருவர், தப்பாகப் போச்சு, வா, வெட்டிவிடுவோம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இந்தக் கதை அன்றைக்கே முடிந்திருக்கும். ஆனால் தப்பு என்று சொல்வதைவிட வேதத்தைத் தூக்கிக்கொண்டு வருவது சுலபம் அல்லவா. மறுநாள் காலையில் அசன்கனி வீட்டு வாசலில் போட்ட சாமியானா பந்தலில், ஒரு பக்கம் கஸ்பாரும் அவர் ஆட்களும் பைபிளோடு வந்து உட்கார்ந்தார்கள், மறுபக்கம் உதுமானும் அவர் ஆட்களும் குர்ஆனோடு வந்து உட்கார்ந்தார்கள். முஸ்லிம் வீடுகளில் எனக்கு வேலை வருவதில்லை, காலையில் மௌத்தானால் சாயங்கால அஸர் தொழுகைக்குள் அடக்கம் செய்துவிடுகிறவர்கள். அந்தத் தெருவுக்கு என் குளிர்பெட்டி போனது அதுதான் முதல் தடவை. தாசில்தாரிடம் போனார்கள், இரண்டு பேரும் பேசி ஒரு முடிவுக்கு வாருங்கள் என்றார். பொது மயானம் என்று காகிதத்தில் இருந்த இடம் உப்பளத்துத் தண்ணீருக்குள் கிடந்தது. பங்குச் சாமியாரும் பள்ளிவாசல் ஹஜ்ரத்தும் தனித்தனியாக வந்து, தனித்தனியாக அழுது, தங்கள் கமிட்டியாரின் கண்ணில் படாமல் பின்வாசல் வழியாகத் தனித்தனியாகப் போனார்கள். அவர்களை நான் குறை சொல்வதா வேண்டாமா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை, ஆனால் அந்தப் பின்வாசலை நினைத்தால் எரிச்சல் வருகிறது.

மூன்றாம் நாள் மத்தியானம் கரண்ட் போனது. ஐந்து மணி நேரம் வரவில்லை. சித்திரை வெயிலில் பெட்டி கொதித்தது. கஸ்பார் பந்தலில் எழுந்து நின்று, உங்கள் புத்தகத்தில் இந்த இடத்துக்கும் அந்த இடத்துக்கும் முரண் என்று விரலை நீட்டிப் பேசிக்கொண்டிருந்தார். எனக்குச் சுருக்கென்று மூக்கில் ஏறியது. நான் அறிந்த நாற்றம்தான். மூன்று நாள் பூட்டிக்கிடந்த வீட்டைத் திறக்கும்போது முகத்தில் அறைகிற அதே நாற்றம். போச்சு, அந்த மகராசி அழுகிவிட்டாள் என்று உள்ளே ஓடிப் பெட்டியைத் திறந்தேன். தெக்ளா மத்தியானச் சாப்பாடு முடித்துக் கண்ணயர்ந்தவள் மாதிரி படுத்திருந்தாள். குனிந்து முகர்ந்தேன். முதல் நாள் மகள் குளிப்பாட்டியபோது போட்ட சோப்பு வாசனை மட்டும் இருந்தது. வெளியே வந்தேன், உதுமான் பதில் சொல்ல வாயைத் திறந்தார், இரண்டாவது அலை வந்தது. பந்தலில் எல்லோரும் மூக்கைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் இருப்பவனைப் பார்த்தார்கள்.

இதைச் சரியாகப் புரிந்துகொள்ள வேண்டும். வசனத்தில் நாற்றம் இல்லை. விடியற்காலை ஹஜ்ரத் தனியாக உட்கார்ந்து ஓதும்போது காற்று சுத்தமாக இருந்தது. பூசையில் பிள்ளைகள் வாசகம் படிக்கும்போது மெழுகுவர்த்தி வாசனைதான் வந்தது. கஸ்பாரே தன் வீட்டில் சாப்பாடு கேட்கும்போது நாறவில்லை என்று அவர் பெண்சாதி சொல்லியிருக்கிறாள். ஒரு புத்தகத்தை எடுத்து இன்னொரு புத்தகத்தின் மண்டையில் அடிக்கத் தூக்கும்போது மட்டும், தெக்ளாவுக்கு அன்றன்றைக்கு வர வேண்டிய அழுகல் அந்த வாயில் வந்து குடியேறியது. ஐந்தாம் நாள் ஐந்தாம் நாளுக்குரிய நாற்றம், பத்தாம் நாள் பத்தாம் நாளுக்குரியது, ஒரு நாள் கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

முதல் வாரம் ஊரில் கிராம்பும் ஏலக்காயும் தீர்ந்துபோயின. திருநெல்வேலியிலிருந்து பல் டாக்டர்கள் வந்து கோயில் வளாகத்தில் ஒரு நாள், மதரசாவில் ஒரு நாள் முகாம் போட்டு, எல்லார் வாயிலும் விளக்கடித்துப் பார்த்து, பல் எல்லாம் நன்றாகத்தான் இருக்கிறது என்று எழுதிக் கொடுத்துவிட்டு, வந்த வேகத்தில் ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு போனார்கள். நகராட்சி பிளீச்சிங் பவுடர் போட்டது. மீன்தூள் கம்பெனி வாசலில் ஒரு போராட்டம் நடந்தது. அத்தர் விற்றது, சாம்பிராணி விற்றது. ஈ வந்தது, பேசுகிறவன் உதட்டோரத்தில் உட்கார்ந்து, அவன் மேற்கோள் முடிகிறவரை எழுந்திருக்காத ஈ.

இரண்டாம் வாரத்தில்தான் எனக்கு உண்மையாகவே அருவருப்பு வந்தது. மனுஷன் எதையும் பழகிக்கொள்வான் என்று தெரியும், ஆனால் இதைப் பெருமையாக்கிக்கொள்வான் என்று நான் நினைக்கவில்லை. வாய் நாறுகிறவன் வேதம் படித்தவன் என்று ஆயிற்று. கூட்டத்தில் அதிகமாக நாறுகிறவருக்கு முன்வரிசை நாற்காலி, பொன்னாடை, "அவரு பேசுனா நாலு வீட்டுக்கு எட்டும்ல" என்று பெருமை. இரண்டு தெருவிலும் இளவட்டங்கள் செல்போனில் எதிர்ப்பக்கத்துப் புத்தகத்தைத் தேடித்தேடி, படித்துப் புரிந்துகொள்ள அல்ல, ஓட்டை எங்கே என்று பார்த்து, மனப்பாடம் செய்து, முச்சந்தியில் நின்று சொல்லிப் பார்த்து, உள்ளங்கையில் ஊதி முகர்ந்து பார்த்துக்கொண்டார்கள். கல்யாணத் தரகர் ஒருவர் என் கடையில் உட்கார்ந்துகொண்டு, "மாப்பிள்ளைக்கு வாடையே இல்லியேன்னு பொண்ணு வீட்டுல யோசிக்காவ அண்ணாச்சி" என்றார். நான் அவர் குடித்த டீ டம்ளரைத் தனியாக எடுத்து வைத்தேன்.

ஒப்பிட்டார்கள், ஒப்பிட்டார்கள், அப்படி ஒப்பிட்டார்கள். தகப்பன் பலி கொடுக்கக் கத்தியோடு கூட்டிப்போன மகன் மூத்தவனா இளையவனா என்று மூன்று நாள் ஓடியது. அந்தப் பையன் பிழைத்தான் என்பதில் இரண்டு பேருக்கும் சந்தோஷமே இல்லை. மாதா பிள்ளை பெற்றது தொழுவத்திலா பேரீச்ச மரத்தடியிலா என்று இரண்டு நாள். நான் படித்தவன் இல்லை, எட்டாம் வகுப்பு. பந்தல் ஓரத்தில் நின்று கேட்டவரை எனக்குத் தோன்றியது, இரண்டு கதையிலும் அந்த நிறைமாதக்காரிக்கு இந்த உலகம் ஓர் அறை கொடுக்கவில்லை என்பதுதான். அதை யாரும் சொல்லவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் தெக்ளா படுத்திருந்தாள்.

இவ்வளவுக்கும் நடுவில் அசன்கனி அழவில்லை. காலையில் எழுந்து பெட்டிக்குப் பக்கத்தில் உட்காருவான், மகள் கொடுத்த கஞ்சியைக் குடிப்பான், கண்ணாடி மேல் படிகிற தூசியைத் துடைப்பான்.

"அழுதிரணும் அண்ணாச்சி. அழுகைதான் வர மாட்டேங்கு" என்றான் ஒரு நாள். "மண்ணுல வச்சாத்தான அவ போனான்னு அர்த்தம். இப்பம் தூங்குதா. தூங்குதவளப் பாத்து எப்படி அழ?"

அவனுக்கு வேண்டியது அவ்வளவுதான். ஒரு குழி. அதற்குள் அவளை விட்டுவிட்டு வந்து உட்கார்ந்து அழ வேண்டும். அந்த மூன்று வாரத்தில் அவன் கன்னம் ஒட்டிப்போய், செத்தவள் செழிப்பாகவும் இருக்கிறவன் பிணமாகவும் ஆகிக்கொண்டிருந்தார்கள்.

இனிமேல் சொல்லப்போவது என் தப்பு. தெக்ளா அழுகவில்லை என்பது அந்த வீட்டு இரண்டு பேருக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். மற்றவர்கள் என் பெட்டி நல்ல பெட்டி என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள். இருபத்தோராம் நாள் டீக்கடையில் ஒருவன், "பலவேசம் அண்ணாச்சி பெட்டின்னா பெட்டிதான், மூணு வாரமாத் தாங்குதே" என்று சொல்ல, எனக்கு வாய் சும்மா இருக்காமல், "பெட்டியாவது மண்ணாவது, அன்னிக்குக் கரண்ட் போனதுலயே கம்ப்ரசர் போயி பதினெட்டு நாளாச்சு" என்றேன். சொல்லி முடிக்கும்போதே நாக்கைக் கடித்துக்கொண்டேன். கையில் இருந்த டீ ஆறுவதற்குள் செய்தி இரண்டு தெருவுக்கும் போய்விட்டது.

அன்று மதியமே கஸ்பார் வந்தார். பெட்டிக்கு முன்னால் முழங்கால் போட்டு, நெஞ்சில் அடித்துக்கொண்டு, "எங்க பிள்ளையில்லா இவ! எங்க ஞானஸ்நானத் தண்ணியில்லா இவ உடம்புல ஓடுது! அர்ச்சிஷ்டவ இவ, புனிதவதி!" என்றார். சிவப்பு மையால் அடித்த பக்கத்துக்கு மேல் புதிதாக ஒரு காகிதம் ஒட்டி அவள் பெயரை எழுதிவிட்டார்களாம். சாயங்காலம் உதுமான் பச்சைத் துணியோடு வந்தார். "அல்லாஹ்வோட நேசர்களுக்குத்தான் மண்ணு தீண்டாத உடம்பு. இவ தாஹிரா. எங்க மையத்து" என்றார். மண் தீண்டக் கொடுக்காதவரே அவர்தான். இருபது நாள் எனக்கு வேண்டாம் உனக்கு வேண்டாம் என்று தள்ளிய அதே வாய்கள், இப்போது எனக்கு எனக்கு என்றன. நாற்றம் மட்டும் மாறவே இல்லை, இருபத்தொன்றாம் நாளுக்குரியதாக இருந்தது.

வேன் வைத்துக்கொண்டு ஜனங்கள் வந்தார்கள். பெட்டிக்கு மேல் ஒரு பக்கம் மல்லிகை, ஒரு பக்கம் பச்சைத் துணி. வாசலில் இரண்டு தரப்புத் தொண்டர்களும் கயிறு கட்டி வரிசை விட்டார்கள். பிள்ளை இல்லாதவள் கண்ணாடியைத் தொட்டு வயிற்றில் வைத்துக்கொண்டாள், பரீட்சை எழுதுகிறவன் பேனாவை வைத்து எடுத்தான். அசன்கனியைத் தொண்டன் ஒருவன் "பெருசு, ஓரமா நில்லும், பக்தர்கள் வாரது தெரியலியா?" என்று கையைப் பிடித்து வெளியே விட்டான். அசன்கனி தன் வீட்டுச் சமையலறையில், மண்ணெண்ணெய் டின்னுக்குப் பக்கத்தில், சுருண்டு படுக்க ஆரம்பித்தான்.

"அண்ணாச்சி, எங்கம்மயப் பாக்கதுக்கு நான் இன்னிக்கு ரெண்டு மணி நேரம் வரிசையில நின்னேன்" என்றாள் ராஹிலா. அவள் கோபமாகச் சொல்லியிருந்தால் நான் தாங்கிக்கொண்டிருப்பேன். சும்மா, பஸ் லேட் என்று சொல்வது போலச் சொன்னாள்.

கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தார்கள். நாற்பதாம் நாள், ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மூன்று மணிக்கு, பள்ளிக்கூட மைதானத்தில் மாபெரும் வேத ஒப்பீட்டு விவாதம். வென்றவர்களுக்கு உடம்பு. கிழக்கே அடக்கம் என்றால் பளிங்கில் சிற்றாலயம், மேற்கே என்றால் குவிமாடம் வைத்துத் தர்கா மாதிரி ஒரு ஜியாரம். புதைக்கிற பேச்சே இல்லை, இரண்டு பேரும் கண்ணாடிப் பேழையில்தான் வைக்கப்போகிறார்களாம். அதைக் கேட்ட அன்று அசன்கனி கஞ்சி குடிக்கவில்லை.

மைதானம் நிரம்பியது. பந்தல் போட்டவன் வாயில் துணி கட்டிக்கொண்டு வேலை செய்தான். மேடையில் கஸ்பார் பக்கம் ஆறு பேர், உதுமான் பக்கம் ஆறு பேர், நாற்பதாம் நாள் நாற்றத்தைப் பன்னிரண்டு வாய்களும் ஒலிபெருக்கி வைத்து ஊரெல்லாம் ஊற்றின. வேப்ப மரத்து இலை சுருண்டது, நாய்கள் ஊரைவிட்டு உப்பளத்துப் பக்கம் ஓடின, ஜனங்களோ மூக்கை விரித்து விரித்து இழுத்து, "ஆகா, என்ன ஞானம்" என்று கைதட்டினார்கள். அந்த நாற்றம் இன்றைக்கும் எங்கள் ஊரைவிட்டு முழுசாகப் போகவில்லை. மழைக்காலத்தில் பஸ் ஸ்டாண்டில் இறங்கினால் உங்களுக்கே தெரியும்.

ஒரு மணி நேரம் கழித்து ராஹிலா மேடை ஏறினாள். யாரும் கூப்பிடவில்லை. செத்தவளின் மகள் என்பதால் தடுக்கவும் கூச்சப்பட்டார்கள். அவள் மைக்கைப் பிடித்துக்கொண்டாள்.

"எங்க வீட்டுலயும் ஒப்பிட்டுப் பாப்பாவ" என்றாள். "ராத்திரிச் சோத்துக்கு முந்தி வாப்பா ஒரு கதை சொல்லுவாவ, அம்மா அதே கதைய அவ பக்கத்துல இருந்து சொல்லுவா. மீனு முழுங்குன நபிக்கு நிழல் குடுத்தது எங்கள்ல சுரக்கொடின்னு வாப்பா சொன்னா, எங்கள்ல ஆமணக்குன்னு அம்மா சொல்லுவா. ரெண்டும் நிழல் குடுத்துச்சுல்லான்னு சொல்லிச் சிரிப்பா. அப்படித்தான் எனக்கு ரெண்டு புஸ்தகமும் தெரியும். நான் உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும். உலகத்துல முதல்ல செத்தது யாரு?"

மேடையில் ஒருவர் ஆபேல் என்றார். ஒருவர் ஹாபில் என்றார். கொன்றவன் அண்ணன், செத்தவன் தம்பி, அதில் சண்டை இல்லை.

"அம்மா புஸ்தகத்துல, மண்ணு வாயத் தொறந்து அந்தத் தம்பி ரத்தத்த வாங்கிக்கிட்டுதுன்னு இருக்கு. ரத்தம் உள்ள இருந்து கூப்பாடு போட்டுது. அவனப் பொதச்சதப் பத்திப் பேச்சு இல்ல. வாப்பா புஸ்தகத்துல, கொன்னவனுக்குப் பொணத்த என்ன செய்யதுன்னே தெரியல, ஒரு காகம் வந்து மண்ணக் கிளறிக் காட்டுது. இந்தக் காகத்துக்கு உள்ள புத்திகூட எனக்கு இல்லியேன்னு அவன் நொந்து போறான். ரெண்டையும் சேத்து வச்சுப் பாருங்க. ஒண்ணுல மண்ணு வாயத் தொறந்துச்சு, ஒண்ணுல காகம் தோண்டுச்சு. உலகத்துல முதக் கொலகாரனுக்கே வெக்கம் வந்துருக்கு. எங்கம்மய நீங்க நாப்பது நாளா வச்சிருக்கிய. உங்கள்ல ஒருத்தருக்காவது வெக்கம் வந்துச்சா?"

கைதட்டிக்கொண்டிருந்த கைகள் மடியில் இறங்கின. எனக்கு நம்பிக்கை வந்தது, பொய் சொல்ல மாட்டேன். பிறகு முன்வரிசையில் பொன்னாடை போர்த்தியிருந்த ஒருவர் மூக்கைத் தூக்கி அவள் பக்கமாக இழுத்துப் பார்த்தார். பக்கத்தில் இருந்தவர் இழுத்துப் பார்த்தார். வரிசை வரிசையாக இழுத்துப் பார்த்தார்கள்.

"வாடையே இல்லியே" என்றார் முதலாமவர்.

"ஒண்ணுமே வரல. படிக்காத பிள்ள."

"சின்னப் பிள்ளைக்கு வேதத்துல என்ன தெரியும்? எறக்கி விடுங்கய்யா."

நாற்பது நாளில் முதல் தடவையாகக் கிழக்கும் மேற்கும் ஒரே குரலில் பேசியது அப்போதுதான். அவளை இறக்கிவிட்டார்கள். கஸ்பார் தொண்டையைச் செருமிக்கொண்டு விட்ட இடத்திலிருந்து ஆரம்பித்தார். நான் மேடைக்குப் பின்னால் போய்க் குடல் வெளியே வருகிற மாதிரி வாந்தி எடுத்தேன். அவர்கள் மேல் மட்டும் வந்த அருவருப்பு இல்லை அது. நாற்பது நாளாக மூக்கும் காலும் கையும் நன்றாக இருந்தும் ஒரு மண்வெட்டியைத் தொடாமல், இவர்கள் வந்து செய்வார்கள் அவர்கள் வந்து செய்வார்கள் என்று பந்தல் காலைப் பிடித்துக்கொண்டு நின்ற பலவேசம் மேலும்தான். வாயைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தேன். ராஹிலா எதிரே நின்றாள்.

"வண்டிய எடுங்க அண்ணாச்சி" என்று அவள் சொல்லவில்லை. நானாகத்தான் எடுத்தேன்.

தொண்டர்கள் எல்லோரும் விவாதம் பார்க்கப் போயிருந்தார்கள், வீட்டில் கயிறு மட்டும் இருந்தது. அசன்கனியைச் சமையலறையிலிருந்து எழுப்பினேன். மூன்று பேருமாகப் பெட்டியைத் தூக்கி வண்டியில் ஏற்றினோம். எங்கே போவது என்று யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை, ஊரில் யாருக்கும் இல்லாத மண் ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது. கிறிஸ்தவர்களின் கல்லறைத் தோட்டமும் முஸ்லிம்களின் கபுர்ஸ்தானும் அடுத்தடுத்து இருப்பவை. எல்லைத் தகராறு வந்தபோது அவரவர் கௌரவத்துக்கு அவரவர் சுவர் கட்டி, இரண்டு சுவருக்கும் நடுவே நாலடி அகலத்தில் ஒரு சந்து விட்டுப்போயிற்று. இரண்டு தெருவும் தங்களுக்கு வேண்டாததையெல்லாம் சுவருக்கு மேலாக அதற்குள் எறிவார்கள். மீன் குடல், ஆட்டுத் தோல், பிள்ளைகளின் நாப்கின், காய்ந்த மாலை, உடைந்த நாற்காலி. முட்டிவரை குப்பை.

நானும் அசன்கனியும் கையால் அள்ளி வெளியே போட்டோம். ராஹிலா தாவணியை மூக்கில் கட்டவில்லை. ஒலிபெருக்கியில் கஸ்பாரின் குரலும் உதுமானின் குரலும் மாறிமாறிக் கேட்டுக்கொண்டிருந்தன. குப்பைக்கு அடியில் மண் நல்ல மண்ணாக இருந்தது, கறுப்பாக, ஈரமாக, மண்வெட்டி போட்டதும் விலகிக்கொடுத்தது. அசன்கனி இடுப்பளவு வெட்டினான், நான் நெஞ்சளவு வெட்டினேன். தெக்ளாவை வெள்ளைத் துணியோடு தூக்கினோம். உடம்பு இன்னும் வளைந்து கொடுத்தது, இப்போதுதான் செத்தவள் மாதிரி. மல்லிகையும் பச்சைத் துணியும் வண்டியிலேயே கிடந்தன. தகப்பன் குழிக்குள் இறங்கி நின்று வாங்கி, முகத்தை வலப்பக்கமாகத் திருப்பி வைத்தான். மகள் குனிந்து தாய் நெற்றியில் கட்டைவிரலால் சின்னதாக ஒரு சிலுவை போட்டாள். அவன் பார்த்தான், அவளுக்கு எட்டும்படி தலையை இன்னும் கொஞ்சம் தூக்கிக் கொடுத்தான்.

முதல் பிடி மண் விழுந்ததும் ராஹிலா நிமிர்ந்தாள்.

"வாப்பா, வாட வருது."

வந்தது. குழிக்குள்ளிருந்து, தெக்ளாவிடமிருந்து, நாற்பது நாள் பாக்கி வைத்திருந்த அவ்வளவும் ஒரேயடியாக வந்தது. வெள்ளைத் துணி மெல்ல அமுங்கியது. எனக்கு அந்த நாற்றத்தைத் தெரியும், தொழிலே அதுதான், ஆனாலும் முகம் சுளிக்காமல் நின்றது வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான். அசன்கனி குழி விளிம்பில் மண்டியிட்டு, குனிந்து, ஆழமாக மூச்சு இழுத்தான்.

"போயிட்டா அண்ணாச்சி" என்றான். "என் தெக்ளா போயிட்டா."

பிறகு வாய்விட்டு அழுதான். அவன் அழட்டும் என்று கொஞ்ச நேரம் விட்டோம். அப்புறம் மூன்று பேரும் மூக்கைப் பொத்தாமல் மண்ணைத் தள்ளினோம்.